5,663 என்ற ஒரு கட்டம்: மச்சு-2 அணையின் ஸ்பில்வேயை எக்செல்லில் மறுபடி போட்டுப் பார்த்தபோது

1979 ஆகஸ்ட் 11, சனிக்கிழமை. குஜராத்தின் சௌராஷ்டிரப் பகுதியில் மச்சு ஆற்றின் குறுக்கே நின்ற மச்சு-2 அணையின் மண் கரைகள் இரு பக்கமும் உடைந்தன. இடப்பக்கம் 762 மீட்டர், வலப்பக்கம் 365 மீட்டர் நீளத்துக்குக் கரையே இல்லாமல் போனது. 5 கிலோமீட்டர் கீழே இருந்த மோர்பி நகரத்தின் தாழ்வான பகுதிகளில் 20 நிமிடத்துக்குள் 12 அடியிலிருந்து 30 அடி வரை தண்ணீர் ஏறியது. இறந்தவர்கள் 1,800 பேர் என்பதில் தொடங்கி 25,000 பேர் என்பது வரை கணக்குகள் இருக்கின்றன. அணையின் நடுவில், கல் கட்டாகக் கட்டிய ஸ்பில்வே மட்டும் தன் 18 ஷட்டர்களோடு நின்றுகொண்டிருந்தது.

அந்த ஸ்பில்வேதான் இந்த ஆய்வின் பொருள். ஏரிக்குக் கலிங்கு எப்படியோ, அணைக்கு ஸ்பில்வே அப்படி. வேண்டாத தண்ணீர் கரைக்குச் சேதமில்லாமல் வெளியே போவதற்கான வாசல் அது. மச்சு-2இல் அந்த வாசல் உடையவில்லை, பெயரவில்லை. கணக்குப்படி எவ்வளவு விட வேண்டுமோ அவ்வளவு விடக்கூடிய வாசலாகவே அது இருந்தது. வந்த தண்ணீர் அதைப்போல மூன்று மடங்கு.

இளம் பொறியாளர்களுக்கு ஸ்பில்வே வடிவமைப்பு சொல்லித்தரும்போதெல்லாம் நான் இந்த அணையைத்தான் எடுத்துக்கொள்கிறேன். எக்செல் தாளைத் திறந்து, அவர்கள் கண்முன்னே வரிவரியாகப் போடுகிறேன். சூத்திரத்தில் எங்கே தப்பு என்று கேட்டால் எல்லோரும் தேடுகிறார்கள். சூத்திரத்தில் தப்பு இல்லை. தாளின் மேலே, மஞ்சள் நிறம் பூசிய ஒரு கட்டத்தில், கையால் தட்டிப்போட்ட எண் ஒன்று இருக்கிறது. முழு அணையும் அதை நம்பி நிற்கிறது.

தாளின் முதல் பக்கம்

மச்சு-2 1972இல் முடிந்தது. அதே ஆற்றில் மேலே மச்சு-1 அணை 1959 முதலே இருந்தது. மச்சு-2க்கு மேலே உள்ள நீர்ப்பிடிப்புப் பகுதி 1,928 சதுர கிலோமீட்டர். நீர்த்தேக்கத்தின் கொள்ளளவு சுமார் 10 கோடி கன மீட்டர். ஆற்றின் நடுவில் கல் கட்டு ஸ்பில்வே, அதன் நீளம் 206 மீட்டர். அதில் ஒவ்வொன்றும் 30 அடி அகலமும் 20 அடி உயரமும் உள்ள 18 ஷட்டர்கள். இரண்டு பக்கமும் நீண்ட மண் கரைகள். ஸ்பில்வே வழியாக விடுவதற்கு என்று வைத்த வடிவமைப்பு வெள்ளம் வினாடிக்கு 5,663 கன மீட்டர், அதாவது 2 லட்சம் கன அடி. மேட்டூரில் 2 லட்சம் கன அடி திறந்தால் காவிரிக் கரை மாவட்டங்கள் எவ்வளவு பதற்றப்படும் என்பது நமக்குத் தெரியும். சௌராஷ்டிரத்தின் ஒரு சின்ன ஆற்றுக்கு அது தாராளமான எண்ணாகவே தோன்றியிருக்கும்.

தாளில் இவை எல்லாம் தனித்தனிக் கட்டங்கள். பி3இல் ஷட்டர் எண்ணிக்கை, பி4இல் ஒரு ஷட்டரின் அகலம், பி5இல் வெளியேற்றக் கெழு, அதாவது முகடு தண்ணீரை எவ்வளவு தாராளமாக விடுகிறது என்று சொல்லும் எண், 2.18. நான் சொல்லித்தரும் முதல் பழக்கம், ஒவ்வொரு எண்ணுக்கும் அடுத்த கட்டத்தில் அலகையும், அதற்கடுத்த கட்டத்தில் அந்த எண் எங்கிருந்து வந்தது என்பதையும் எழுதச் சொல்வது. பலருக்கு இது சலிப்பாக இருக்கும். ஆனால் பத்து வருடம் கழித்து அந்தத் தாளைத் திறக்கிறவர் வேறொருவராக இருப்பார். அவருக்கு '2.18' என்ற எண் மட்டும் போதாது. யார் தேர்ந்தெடுத்தது, எதற்காக என்பதும் வேண்டும்.

ஓகி முகடு (தண்ணீர் வழிந்து விழும் பாதையின் வடிவத்திலேயே வளைத்துக் கட்டிய உச்சி) கொண்ட ஸ்பில்வேக்கு அடிப்படைச் சமன்பாடு எளிது:

வெளியேற்றம் = கெழு × பயனுறு நீளம் × ஹெட்^1.5

ஹெட் என்பது முகட்டுக்கு மேல் நிற்கும் தண்ணீரின் உயரம். பயனுறு நீளம் என்பது ஷட்டர்களின் மொத்த அகலத்திலிருந்து, தூண்களும் ஓரச் சுவர்களும் நீரோட்டத்தைச் சுருக்குவதால் இழக்கும் நீளத்தைக் கழித்தது. 18 ஷட்டருக்கு நடுவில் 17 தூண்கள். முனை வளைந்த தூணுக்கு 0.01, வளைந்த ஓரச் சுவருக்கு 0.1 என்று கெழு எடுத்துக்கொண்டால், 6.4 மீட்டர் ஹெட்டில் இழப்பு 3.5 மீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. ஷட்டர்களின் மொத்த அகலமான 164.5 மீட்டர் 161 ஆகிறது. கெழு 2.18 என்று வைத்து, 5,663 வெளியேற எவ்வளவு ஹெட் வேண்டும் என்று எக்செல்லின் கோல் சீக் (வேண்டிய விடையைச் சொன்னால் அதற்கான உள்ளீட்டைத் தேடித்தரும் வசதி) கொடுத்தால் 6.38 மீட்டர் என்று வந்து நிற்கிறது.

ஷட்டரின் உயரம் 20 அடி, அதாவது 6.1 மீட்டர். நீர்மட்டம் ஷட்டரின் உச்சிக்குக் கொஞ்சம் மேலே ஏறும்போது 18 வாசல்களும் 2 லட்சம் கன அடியை விடும். கணக்கும் கட்டுமானமும் பொருந்துகின்றன. இந்த ஸ்பில்வேயை வடிவமைத்தவர்களுக்கு நீரியக்கவியல் நன்றாகவே தெரிந்திருக்கிறது.

முகட்டின் வளைவையும் இதே தாளில் வரைந்துவிடலாம். கிடைத்தூரம்^1.85 = 2 × வடிவமைப்பு ஹெட்^0.85 × இறக்கம். 6.4 மீட்டர் ஹெட்டுக்கு, முகட்டிலிருந்து 5 மீட்டர் தள்ளி இறக்கம் 2.03 மீட்டர், 10 மீட்டர் தள்ளி 7.3 மீட்டர். இரண்டு நெடுவரிசை, ஒரு வரைபடம், அரை மணி நேரம். முன்பெல்லாம் வரைபலகையில் ஒரு நாள் போகும் வேலை இது. தனிக்கணினிக்கான முதல் விரிதாளான விசிகால்க் விற்பனைக்கு வந்தது அதே 1979இன் அக்டோபரில், மோர்பி மூழ்கி இரண்டு மாதத்தில். அதற்கு முந்தைய அணைகள் பலவற்றை ஸ்லைடு ரூலிலும் மடக்கை அட்டவணையிலும் கணக்குப் போட்டுத்தான் கட்டினார்கள்.

மூன்று மடங்கு தண்ணீர் என்ன செய்யும்

1979 ஆகஸ்டில் மச்சு-2க்கு வந்த வெள்ளமாகப் பதிவாகியிருப்பது வினாடிக்கு 16,307 கன மீட்டர். கிட்டத்தட்ட 5 லட்சத்து 76 ஆயிரம் கன அடி. வடிவமைப்பு வெள்ளத்தைப்போல 2.9 மடங்கு.

இதைத் தாளில் போடும்போது இரண்டு விதமாகப் பார்க்கிறேன். முதலாவது, கரை எவ்வளவு உயர்ந்தாலும் தாங்கும் என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொண்டு, 18 ஷட்டரும் திறந்த நிலையில் 16,307 வெளியேற எவ்வளவு ஹெட் வேண்டும் என்பது. 13.1 மீட்டர். முகட்டுக்கு மேல் நான்கு மாடிக் கட்டிட உயரத்துக்குத் தண்ணீர் நிற்க வேண்டும். ஹெட் இரண்டு மடங்கானால் வெளியேற்றம் 2.8 மடங்காகும் என்பதால்தான் இது 13 மீட்டரோடு நின்றது. இந்த 1.5 என்ற அடுக்கு நமக்கு ஓர் எல்லை வரை உதவி செய்கிறது. ஆனால் மண் கரை அந்த உதவிக்குக் காத்திருக்காது. கரையின் உச்சியைத் தாண்டி வழியத் தொடங்கிய தண்ணீர் கீழ்ச்சரிவின் மண்ணை அரித்துக்கொண்டு போகும். பிறகு நடப்பதற்கு எந்தச் சூத்திரமும் வேண்டாம்.

இரண்டாவது, உள்ளே வருவதற்கும் வெளியே போவதற்கும் உள்ள வித்தியாசம். 16,307 வருகிறது, 5,663 போகிறது. மிச்சம் வினாடிக்கு 10,644. ஒரு மணி நேரத்தில் அது 3 கோடியே 83 லட்சம் கன மீட்டர். நீர்த்தேக்கத்தின் மொத்தக் கொள்ளளவே 10 கோடி. ஏற்கெனவே நிரம்பி நிற்கும் நீர்த்தேக்கத்தில், அதன் மொத்தக் கொள்ளளவில் 38 சதவீதத்தை ஒரே மணி நேரத்தில் கூடுதலாகக் கொட்டுவது போல. இந்த ஒரு பெருக்கலைப் போட்டுக் காட்டும்போது வகுப்பில் பேச்சு நின்றுவிடும். எனக்கும் ஒவ்வொரு தடவையும் நெஞ்சில் ஏதோ அடைக்கும்.

இனி நேரத்தோடு சேர்த்துப் பார்க்கலாம். வெள்ளத்தை நீர்த்தேக்கத்தின் வழியாக நகர்த்திப் பார்க்கும் இந்தக் கணக்கை எங்கள் துறையில் ஃப்ளட் ரூட்டிங் என்போம். வந்த சராசரியிலிருந்து போன சராசரியைக் கழித்து, இடைவெளி நேரத்தால் பெருக்கினால் சேமிப்பின் மாற்றம் கிடைக்கும். இதில் ஒரு சிக்கல் உண்டு. இடைவெளியின் முடிவில் எவ்வளவு போகிறது என்பது முடிவில் நீர்மட்டம் எங்கே இருக்கிறது என்பதைப் பொறுத்தது. அந்த மட்டமோ எவ்வளவு போனது என்பதைப் பொறுத்தது. தன் வாலைத் தானே கடிக்கும் பாம்பு போன்ற கணக்கு.

ஒரே ஓர் அடியை மட்டும் கையால் போட்டுக் காட்டுகிறேன். இடைவெளி 10 நிமிடம். நீர்ப்பரப்பை 20 சதுர கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்கிறேன், கணக்குப் புரிவதற்காக. தொடக்கத்தில் ஹெட் 6.38, வெளியேற்றம் 5,663. முதல் உத்தேசமாக வெளியேற்றம் மாறவில்லை என்று வைத்தால், 10,644 × 600 வினாடி ÷ 2 கோடி சதுர மீட்டர், 32 சென்டிமீட்டர் ஏறுகிறது. ஹெட் 6.70. அந்த ஹெட்டில் வெளியேற்றம் 6,083. இப்போது சராசரி 5,873. மறுபடி போட்டால் ஏற்றம் 31 சென்டிமீட்டர். இன்னொரு சுற்றுப் போட்டாலும் அதே 31தான். பத்து நிமிடத்தில் ஓர் அடி. அணைமேல் அளவுகோலைப் பார்த்துக்கொண்டு நிற்கிற ஒருவருக்கு அந்த ஓர் அடி எப்படித் தெரிந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

இதே கணக்கை ஒரு மணி நேர இடைவெளியில், தொடக்க வெளியேற்றத்தையே வைத்துப் போட்டால் ஏற்றம் 1.92 மீட்டர். பத்துப் பத்து நிமிடமாகச் சரியாகப் போட்டால் 1.70. இடைவெளியைத் தேர்ந்தெடுத்ததில் மட்டும் 22 சென்டிமீட்டர் வித்தியாசம். பலர் மணிக்கணக்கு மழை விவரம் இருக்கிறதென்று ரூட்டிங்கையும் மணிக்கணக்கிலேயே போடுகிறார்கள். வெள்ளம் வேகமாக ஏறும் சிறிய நீர்த்தேக்கத்துக்கு அது ஆகாது.

சுற்றிவரும் கணக்குக்கு எக்செல்லில் 'இட்டரேட்டிவ் கால்குலேஷன்' என்று ஒரு வசதி இருக்கிறது. தயவுசெய்து அதைத் தொடாதீர்கள். அதைப் போட்டுவைத்த தாளில் தெரியாமல் ஒரு சுழற்சி நுழைந்தாலும் எக்செல் எச்சரிக்காது. அதற்குப் பதில் 2 × சேமிப்பு ÷ இடைவெளி + வெளியேற்றம் என்ற கூட்டளவை மட்டத்துக்கு மட்டம் முன்கூட்டியே அட்டவணையாகப் போட்டு, அதிலிருந்து இடைச்செருகி, அதாவது இரண்டு வரிகளுக்கு நடுவில் உள்ள மதிப்பைக் கணக்கிட்டு, எடுக்கும் பழைய முறையே போதும். ஒவ்வொரு எண்ணையும் விரலால் தொட்டு எங்கிருந்து வந்தது என்று காட்டலாம்.

படி ஏறிய தண்ணீர்

இடைச்செருகல் பற்றிப் பேசும்போது என் சொந்தத் தவறு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒரு சிறிய நீர்த்தேக்கத்துக்கு ரூட்டிங் தாள் போட்டேன். சேமிப்பைக் கொடுத்தால் மட்டத்தைச் சொல்லும் கடைசி நெடுவரிசைக்கு வி-லுக்அப் போட்டிருந்தேன். மட்ட அட்டவணை அரை மீட்டருக்கு ஒரு வரி. வி-லுக்அப் தோராயப் பொருத்தத்தில் என்ன செய்யும் என்றால், கொடுத்த எண்ணுக்குக் கீழே உள்ள வரியை எடுத்துக்கொள்ளும். இடையில் எவ்வளவு என்று பார்க்காது. உச்ச நீர்மட்டம் 61.00 என்று வந்தது. கரை உச்சி 62.50. ஒன்றரை மீட்டர் மிச்சம் இருக்கிறது, வேண்டிய அளவு சரியாக இருக்கிறது என்று சந்தோஷப்பட்டேன். வந்த நீரும் போன நீரும் சேமிப்பும் கூட்டிக் கழித்தால் பூஜ்யம் வருகிறதா என்று சரிபார்க்கும் கட்டமும் பச்சையாகவே இருந்தது.

அலுவலகத்தில் ஓய்வு பெறும் வயதில் ஒரு டிராஃப்ட்ஸ்மேன் இருந்தார். எதையும் கிராஃப் தாளில் ஒருதடவை வைத்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடமாட்டார். என் கடைசி நெடுவரிசையைப் பென்சிலால் புள்ளி வைத்து இணைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

"தம்பி, இங்க பாருங்க. தண்ணி படி ஏறுதே."

பார்த்தேன். வளைவாக வர வேண்டிய கோடு படிக்கட்டாக இருந்தது. 60.00, 60.00, 60.50, 60.50, 60.50, 61.00. உண்மையான உச்ச மட்டம் 61.38. ஒன்றரை மீட்டர் என்று நான் நம்பியது 1.12 மீட்டர்தான்.

நீர்ச்சமநிலை சரியாக இருந்ததற்குக் காரணம் தவறு அந்தக் கணக்குக்குள் இல்லாமல், அதற்கு வெளியே, விடையைப் படிக்கும் இடத்தில் இருந்ததுதான். அன்றிலிருந்து என் தாளில் இன்டெக்ஸ், மேட்ச் என்ற இரண்டு எக்செல் செயல்பாடுகளும் சேர்ந்து, மேல் வரி கீழ் வரி இரண்டையும் எடுத்து நடுவில் நேர்கோடு போட்டு மட்டத்தைத் தருகின்றன. அதோடு எந்தத் தாளையும் வரைபடம் இல்லாமல் முடிப்பதில்லை. எண்களின் நெடுவரிசையில் கண் பழகிவிடும். கோட்டில் ஒரு உடைவு இருந்தால் யார் கண்ணுக்கும் தப்பாது.

திறக்காத ஷட்டர்

மச்சு-2க்குத் திரும்புவோம். பி3 கட்டத்தில் 18 இருக்கிறது. அதை 15 என்று மாற்றினால் என்ன ஆகும்? அதே 6.38 மீட்டர் ஹெட்டில் வெளியேற்றம் 5,663இலிருந்து 4,700 சுற்றுக்கு இறங்குகிறது. 5,663ஐயே விட வேண்டுமானால் ஹெட் 7.23 மீட்டருக்கு ஏற வேண்டும். மூன்று ஷட்டர் மக்கர் செய்தால் 85 சென்டிமீட்டர் கூடுதல் நீர்மட்டம். இரண்டு ஷட்டர் மட்டும் என்றால் 6.92.

இது வெறும் கற்பனைக் கேள்வி இல்லை. மழைக்காலத்து இரவில் மின்சாரம் போகும். சங்கிலி சிக்கும். துரு ஏறிய அச்சு நகராது. 1979இல் மச்சு-2இலும் எல்லா ஷட்டரும் சொன்னபடி திறந்துகொடுக்கவில்லை. ஸ்பில்வேயின் கொள்ளளவை நிர்ணயிப்பதற்கான இந்தியத் தரம் ஐ.எஸ். 11223 வந்தது 1985இல். ஷட்டர் வைத்த ஸ்பில்வேயில் பத்தில் ஒரு பங்கு, குறைந்தது ஒன்று, திறக்காது என்று வைத்தும் கணக்குப் போட வேண்டும் என்கிறது அது. 18க்கு அப்படிப் போட்டால் இரண்டு.

எக்செல்லின் 'டேட்டா டேபிள்' வசதி எதற்கு உதவுமோ இல்லையோ, இதற்கு நிச்சயம் உதவும். இடப்பக்கம் கீழாக ஷட்டர் எண்ணிக்கை 18, 17, 16, 15. மேலே குறுக்காக வெள்ளம் 5,663, 10,000, 16,307. ஒரே தட்டில் பன்னிரண்டு கட்டமும் நிரம்பும். 18 ஷட்டரில் 10,000 வந்தால் ஹெட் 9.4 மீட்டர், 15 ஷட்டரில் 10.6. கரை உச்சியைத் தாண்டும் கட்டங்களுக்குச் சிவப்பு நிறம் கொடுத்துவிட்டால், திட்ட அறிக்கையை மேலோட்டமாகப் புரட்டும் அதிகாரிக்கும் விஷயம் புரிந்துவிடும். அறிக்கையில் ஒரே ஒரு உச்ச மட்டத்தை மட்டும் எழுதுவதைவிட இந்தப் பன்னிரண்டு கட்டங்கள் எவ்வளவோ நேர்மையானவை.

மஞ்சள் கட்டம்

இவ்வளவும் சொன்னபிறகும் நடந்ததன் வேர் ஷட்டரிலும் இல்லை, கெழுவிலும் இல்லை. 18 ஷட்டரும் பழுதில்லாமல் திறந்திருந்தாலும் 16,307க்கு அவை ஈடுகொடுத்திருக்காது. வேர் அந்த மஞ்சள் கட்டத்தில், 5,663இல் இருக்கிறது.

வடிவமைப்பு வெள்ளத்தைத் தீர்மானிக்கப் பொறியாளர் கையில் பல வழிகள் உண்டு. மிகப் பழையது, நீர்ப்பிடிப்புப் பகுதியின் பரப்பை மட்டும் வைத்து உச்ச வெள்ளம் சொல்லும் வாய்ப்பாடுகள். நம் ஊரில் ரைவ்ஸ் வாய்ப்பாடு. பழைய பம்பாய் மாகாணத்துக்கு இங்கிலிஸ் வாய்ப்பாடு: 124 × பரப்பு ÷ √(பரப்பு + 10.4). இங்கிலிஸில் 1,928ஐப் போட்டுப் பார்த்தேன். 5,430 வந்தது. 5,663க்குப் பக்கத்தில். ரைவ்ஸில் போட்டால், நம் கடலோரக் கெழுவான 6.8க்கு 1,050 சுற்றுதான் வரும். சென்னை மாகாணத்துக்காக உருவான வாய்ப்பாட்டைச் சௌராஷ்டிரத்துக்குக் கொண்டுபோகக்கூடாது என்பதற்காகவே இதைச் செய்துகாட்டுகிறேன். எக்செல் இரண்டையும் ஒரே மாதிரி இரண்டு தசமத்தோடு, ஒரே மாதிரி நம்பிக்கையோடு தருகிறது. இந்த வாய்ப்பாடுகள் எல்லாம் அதுவரை பார்த்த வெள்ளங்களிலிருந்து வந்தவை. பார்க்காத வெள்ளத்தை அவற்றால் சொல்ல முடியாது.

பிற்பாடு வந்த ஐ.எஸ். 11223 இந்தத் தேர்வைப் பொறியாளரின் விருப்பத்துக்கு விடவில்லை. மொத்தக் கொள்ளளவு 6 கோடி கன மீட்டருக்கு மேல் என்றால் அது பெரிய அணை. பெரிய அணைக்கு நிகழக்கூடிய உச்ச வெள்ளத்தையே எடுக்க வேண்டும். அதாவது அந்த வட்டாரத்தின் வானிலை எவ்வளவு கடுமையாக மழை தரமுடியுமோ, அதிலிருந்து கட்டிய வெள்ளம். 10 கோடி கன மீட்டர் கொண்ட மச்சு-2 சந்தேகத்துக்கு இடமில்லாமல் இந்த வகை.

இங்கேதான் நான் என் மாணவர்களைத் தாளில் ஒரு புதுக் கட்டம் சேர்க்கச் சொல்கிறேன். வெள்ளம் இருக்கும் மஞ்சள் கட்டத்துக்கு அடுத்து: வெள்ளம் × 3.6 ÷ பரப்பு. அவ்வளவுதான். வினாடிக்குக் கன மீட்டரை, நீர்ப்பிடிப்புப் பகுதி முழுவதிலிருந்தும் மணிக்கு எத்தனை மில்லிமீட்டர் ஓடிவருகிறது என்று மாற்றிச் சொல்லும் கட்டம் அது.

5,663க்கு அந்தக் கட்டம் 10.6 என்கிறது.

வினாடிக்கு 5,663 கன மீட்டர் என்றால் யாருக்கும் மனதில் ஒரு படமும் வராது. பெரிய எண் என்று மட்டும் தோன்றும். மணிக்கு 10.6 மில்லிமீட்டர் என்றால் எல்லோருக்கும் தெரியும். மழைக்காலத்தில் வாசலில் வாளி வைத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். 2015 டிசம்பர் 1ஆம் தேதி தொடங்கி 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் பெய்தது. சராசரியாக மணிக்கு 20 மில்லிமீட்டர், ஒரு நாள் முழுக்க. தாம்பரத்தில் ஒரு மழைமானி காட்டியதும் 1,928 சதுர கிலோமீட்டரின் சராசரியும் ஒன்றல்ல என்பது உண்மைதான். பெய்த மழை எல்லாம் ஓடிவராது, கொஞ்சம் மண்ணுக்குள் போகும். தொலைவில் பெய்தது அணைக்கு வந்துசேர நேரமாகும், அதற்குள் உச்சம் தட்டையாகிவிடும். இவ்வளவையும் கழித்தபிறகும் 10.6 என்ற எண்ணைப் பார்க்கிறவருக்கு ஒரு கேள்வி வரும்: 'நாள் கணக்கில் அடைமழை பெய்து மண் ஊறி, மேல் அணையும் நிரம்பி வழிகிற நேரத்தில், இதற்கு மேல் வரவே வராது என்று நான் கையெழுத்துப் போடலாமா?'

16,307க்கு அதே கட்டம் 30.4 காட்டுகிறது. கொடுமையான மழைதான். ஆனால் பூமியில் நடக்காத மழை இல்லை.

நீரியல் கணக்கைத் தவிர்ப்பதற்கு இது குறுக்குவழி ஆகாது. ஒற்றையலகு நீர்வரைபடமும் (ஓர் அலகு மழைக்கு ஆற்றில் வெள்ளம் எப்படி ஏறி இறங்கும் என்று காட்டும் கோடு) புயல் ஆய்வும் இருக்க வேண்டிய இடத்தில் இருக்க வேண்டும். ஆனால் அந்த ஆய்வு வேறொரு பிரிவில், வேறொரு வருடத்தில், வேறொருவர் செய்தது. ஸ்பில்வே போடுகிறவர் கையில் வந்துசேர்வது ஒற்றை எண் மட்டும். அந்த எண்ணை ஒரு மனிதர் தன் அனுபவத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கும் வடிவத்துக்கு மாற்றித்தரும் வேலையை ஒரு விரிதாளால் செய்ய முடியும். அது செய்யும் ஆயிரம் பெருக்கல்களைவிட எனக்கு இது பெரிதாகப் படுகிறது. நான் தணிக்கை செய்ய வரும் ஒவ்வொரு தாளிலும் முதலில் இந்தக் கட்டத்தைத்தான் சேர்க்கிறேன். இருமுறை, எண்ணைப் பார்த்த மறுநிமிடமே, நீர்ப்பிடிப்பின் பரப்பு சதுர கிலோமீட்டருக்குப் பதில் ஹெக்டேரில் வந்துவிட்டது தெரிந்தது. பாதுகாப்பாக இருக்கிறதென்று எல்லோரும் தலையாட்டிய தாள்கள் அவை.

மறுபடி கட்டியபோது

16,307ஐ அதே 6.38 மீட்டர் ஹெட்டில் விட வேண்டுமானால் 9.14 மீட்டர் அகல ஷட்டர் எத்தனை வேண்டும் என்று கோல் சீக்கிடம் கேட்டேன். தூண்கள் கூடுவதால் சுருக்கமும் கூடுகிறது. விடை 51.6. ஐம்பத்திரண்டு ஷட்டர். இருந்தது பதினெட்டு.

மச்சு-2ஐ மறுபடி கட்டினார்கள். உடையாமல் நின்ற பழைய ஸ்பில்வேயோடு புதிதாக ஒரு ஸ்பில்வேயும் சேர்ந்தது. இப்போது மொத்தம் 38 ஷட்டர்கள். வெளியேற்றும் திறன் வினாடிக்குச் சுமார் 21,000 கன மீட்டர், ஏறத்தாழ 7 லட்சத்து 40 ஆயிரம் கன அடி. பத்தில் ஒரு பங்கு விதிப்படி, நான்கு ஷட்டர் திறக்காது என்று வைத்தும் இதைப் போட்டுப் பார்க்க வேண்டும்.

வகுப்பின் கடைசியில் மஞ்சள் கட்டத்தில் 5,663ஐ அழித்துவிட்டு 21,000 என்று தட்டுகிறேன். பக்கத்துக் கட்டம் 39.2க்கு மாறுகிறது. அங்கேயே நிறுத்திவிட்டு, அவரவர் திட்டத்தின் வெள்ளத்தையும் பரப்பையும் அதே இரண்டு கட்டங்களில் போட்டுப் பார்க்கச் சொல்கிறேன்.